ஏஞ்சி புரூக்ஸ்: ஐ.நா. பொதுச்சபைக்குத் தலைமை தாங்கிய லைபீரியப் பெண் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஐ.நா. பொதுச்சபையின் முதல் பெண் தலைவர் விஜயலட்சுமி பண்டிட் என்பது போட்டித் தேர்வுக்குப் படிக்கிற யாருக்கும் மனப்பாடம். அவருக்கு அடுத்து அந்த நாற்காலியில் அமர்ந்த பெண் யார் என்று கேட்டால் பெரும்பாலும் பதில் வராது. மேற்கு ஆப்பிரிக்காவின் லைபீரியாவைச் சேர்ந்த ஏஞ்சி எலிசபெத் புரூக்ஸ்தான் அவர். அவரைப் பற்றித் தெரிந்துகொள்ள விரும்புகிறவர்கள் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளையும் அவற்றுக்கான பதில்களையும் இங்கே தொகுத்திருக்கிறேன்.

சுருக்கமாகச் சொன்னால், ஏஞ்சி புரூக்ஸ் யார்?

வழக்கறிஞர், சட்டப் பேராசிரியர், தூதர், கடைசியில் நீதிபதி. 1928 ஆகஸ்ட் 24 அன்று, லைபீரியத் தலைநகர் மன்ரோவியாவுக்குப் பக்கத்திலுள்ள வர்ஜீனியா என்ற சிற்றூரில் பிறந்தார். அமெரிக்க மாநிலத்தின் பெயர்தான், ஆனால் ஊர் லைபீரியாவில் இருக்கிறது. 1969 செப்டம்பர் 16 அன்று ஐ.நா. பொதுச்சபையின் 24ஆவது அமர்வுக்குத் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அந்தப் பதவிக்கு வந்த முதல் ஆப்பிரிக்கப் பெண் அவர்தான். உலக அளவில் இரண்டாவது பெண்.

பெரும்பாலான குறிப்புகள் இதோடு நின்றுவிடுகின்றன. எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்த ஓராண்டுத் தலைமையைவிட, அதற்கு முந்தைய பதினைந்து ஆண்டுகள் அவர் ஐ.நா. குழுக்களில் செய்த வேலைதான் பெரிது. காலனி நாடுகள் விடுதலை பெறுவதற்கான பேச்சுகள் நடந்த அறைகளில், அதிகம் செய்தியாகாத அறைகளில், அவர் உட்கார்ந்திருந்தார். அந்த வேலைதான் அவரைத் தலைவர் நாற்காலிக்குக் கொண்டுவந்தது.

லைபீரியா எப்படிப்பட்ட நாடு? அவருடைய கதைக்கு அது ஏன் முக்கியம்?

அமெரிக்காவில் அடிமைத்தளையிலிருந்து விடுபட்ட கறுப்பினத்தவரையும், சுதந்திரமாகப் பிறந்த கறுப்பினத்தவரையும் ஆப்பிரிக்காவில் குடியமர்த்தும் திட்டத்தில் உருவான நாடு இது. 1847 ஜூலை 26 அன்று தன்னைக் குடியரசாக அறிவித்துக்கொண்டது. ஐரோப்பியர்கள் ஆப்பிரிக்காவைக் கூறுபோட்டபோது எத்தியோப்பியாவும் லைபீரியாவும் மட்டுமே பெருமளவுக்குத் தப்பின.

அதனால் ஒரு விசேஷமான இடம் லைபீரியாவுக்குக் கிடைத்தது. 1945இல் ஐ.நா. தொடங்கியபோது ஆப்பிரிக்காவிலிருந்து உறுப்பினரானவை நான்கே நாடுகள்: எகிப்து, எத்தியோப்பியா, லைபீரியா, தென்னாப்பிரிக்கா. தென்னாப்பிரிக்காவில் அதிகாரம் வெள்ளையர் கையில் இருந்தது. மற்ற ஆப்பிரிக்க மக்கள் சார்பில் யாராவது பேச வேண்டுமென்றால், அந்த வாய்ப்பு இருந்த மிகச் சில நாடுகளில் லைபீரியாவும் ஒன்று.

உள்நாட்டில் கதை வேறு. அமெரிக்காவிலிருந்து வந்தவர்களின் வழித்தோன்றல்கள் மக்கள்தொகையில் மிகச் சிறிய பங்கு. ஆனால் ஆட்சி முழுவதும் அவர்கள் கையில். ட்ரூ விக் கட்சி 1878இலிருந்து 1980 வரை இடைவிடாமல் ஆண்டது. பெண்களுக்கு வாக்குரிமை 1940களில்தான் வந்தது. அப்படிப்பட்ட நாட்டில்தான் ஏஞ்சி வழக்கறிஞராக வேண்டும் என்று ஆசைப்பட்டார்.

அவருடைய இளமைக்காலம் எப்படி இருந்தது?

வறுமைதான். தந்தை தேவாலயப் போதகர். வீட்டில் ஒன்பது பிள்ளைகள், ஏஞ்சி இரண்டாவது. எல்லோரையும் வளர்க்க வசதியில்லாததால் அவரை மன்ரோவியாவில் ஒரு விதவைப் பெண்ணிடம் ஒப்படைத்தார்கள். அந்தப் பெண் தையல் வேலை செய்து பிழைத்தவர்.

பதினொரு வயதில் ஏஞ்சி தானாகவே தட்டச்சு கற்றுக்கொண்டார். சட்ட ஆவணங்களைத் தட்டச்சு செய்து கொடுத்துப் பள்ளிச் செலவுக்குச் சம்பாதித்தார். பிறகு அரசுக் கருவூலத் துறையில் தட்டச்சர், நீதித் துறையில் சுருக்கெழுத்தாளர். மனுக்களையும் தீர்ப்புகளையும் நாள்தோறும் தட்டிக்கொண்டிருந்த பெண்ணுக்குச் சட்டத்தின் மேல் ஆர்வம் வந்ததில் ஆச்சரியமில்லை.

பதினான்கு வயதில் திருமணம். இரண்டு பிள்ளைகள். அந்த மணவாழ்க்கை நிலைக்கவில்லை, மணமுறிவு ஆனது. இருபது வயது நிரம்புவதற்குள் இவ்வளவும் நடந்துவிட்டது.

சட்டக் கல்லூரியில் சேர்ந்தாரா?

அப்போது லைபீரியாவில் சட்டக் கல்லூரியே கிடையாது. மூத்த வழக்கறிஞர் ஒருவரிடம் உதவியாளராகச் சேர்ந்து கற்றுக்கொள்வதுதான் வழி. ஏஞ்சி சேர்ந்தது கிளாரன்ஸ் சிம்ப்சனிடம். வெளியுறவு அமைச்சராக இருந்தவர், பிறகு 1944 முதல் 1952 வரை நாட்டின் துணை அதிபர். பெண்கள் வழக்காடுவதைக் கேலி செய்த காலத்தில், இவரை மாணவியாக ஏற்றுக்கொண்டது சிறிய விஷயமல்ல.

ஆனாலும் முறையான பட்டம் வேண்டும் என்று ஏஞ்சி நினைத்தார். அதற்குக் கடல் கடக்க வேண்டியிருந்தது.

வெளிநாட்டில் எங்கே படித்தார்?

முதலில் அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்திலுள்ள ராலே நகரில், ஷா பல்கலைக்கழகத்தில். கறுப்பின மாணவர்களுக்காகத் தொடங்கப்பட்ட பழைய கல்வி நிறுவனம் அது. பாத்திரம் கழுவினார், துணி வெளுத்தார், நூலகத்தில் உதவியாளராக இருந்தார், மருத்துவமனையில் நோயாளிகளுக்குப் பணிவிடை செய்தார். இப்படிச் சம்பாதித்துக்கொண்டே படித்து 1949இல் சமூக அறிவியலில் இளங்கலைப் பட்டம் வாங்கினார்.

அப்புறம் மேடிசனிலுள்ள விஸ்கான்சின் பல்கலைக்கழகம். அங்கே சட்டப் பட்டமும், அரசியல் அறிவியல் மற்றும் சர்வதேச உறவுகளில் முதுகலைப் பட்டமும் பெற்றார். அதற்கும் மேல் லண்டன் யுனிவர்சிட்டி கல்லூரியில் சர்வதேசச் சட்டம். 1953இல் ஊர் திரும்பியபோது, லைபீரியாவில் அவ்வளவு படித்த வழக்கறிஞர்களே குறைவு, ஆண்களையும் சேர்த்துத்தான்.

நாடு திரும்பிய பிறகு என்ன செய்தார்?

1953 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றத்தில் வழக்காடும் தகுதி கிடைத்தது. அதே மாதத்தில் துணை அட்டர்னி ஜெனரல் பதவி. 1958 வரை அந்தப் பொறுப்பில் இருந்தார். இடையே லைபீரியப் பல்கலைக்கழகத்தில் சட்டம் கற்பித்தார். அங்கே சட்டப் பள்ளி உருவானதில் அவருக்கும் பங்குண்டு. தனக்குக் கிடைக்காத ஒன்றைப் பின்னால் வருகிறவர்களுக்கு அமைத்துக் கொடுத்திருக்கிறார். 1958இல் வெளியுறவுத் துறையில் துணைச் செயலர் ஆனார். அந்தப் பொறுப்பு 1972 வரை நீடித்தது.

ஐ.நா.வுக்கு எப்போது போனார்? அங்கே என்ன வேலை?

1954இல் லைபீரியக் குழுவின் உறுப்பினராகப் போனார். ஒவ்வொரு ஆண்டும் பொதுச்சபை கூடும்போது நியூயார்க் செல்வது வழக்கமாகிவிட்டது. அவருக்கு ஒதுக்கப்பட்டது நான்காவது குழு.

நான்காவது குழு என்றால் என்ன என்று கொஞ்சம் விளக்க வேண்டும், ஏனென்றால் ஏஞ்சியின் கதையின் மையமே அதுதான். பொதுச்சபையின் வேலை பல குழுக்களாகப் பிரிக்கப்பட்டிருக்கிறது. அரசியல், பொருளாதாரம், சமூகம், சட்டம் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு குழு. இவற்றில் நான்காவது, இன்னும் தன்னாட்சி பெறாத நாடுகளின் விவகாரங்களைப் பார்க்கும். பிரிட்டன், பிரான்ஸ், பெல்ஜியம், போர்ச்சுகல் ஆகியவற்றின் காலனிகள் பற்றிய விவாதங்கள் அந்நாளில் அங்கேதான் சூடுபிடிக்கும். அந்த நாடுகளிலிருந்து வரும் மனுதாரர்கள் நேரில் நின்று பேசுவதும் அங்கேதான். ஒரு கிராமத் தலைவரோ மதகுருவோ வந்து, தன் மக்கள் எப்படி நடத்தப்படுகிறார்கள் என்று சொல்வார். ஆளும் நாட்டின் தூதர் எதிரில் உட்கார்ந்து கேட்டே ஆக வேண்டும். மனுதாரரை அனுமதிக்கலாமா கூடாதா என்பதிலேயே மணிக்கணக்கில் சண்டை நடக்கும்.

இந்த இடத்தில் விதிமுறை தெரிந்தவர் கைதான் ஓங்கும். வழக்கறிஞரான ஏஞ்சி அங்கே தேறியதற்கு அதுதான் காரணம் என்று நினைக்கிறேன். 1956இல் அக்குழுவின் துணைத் தலைவர், 1961இல் தலைவர்.

1961 சாதாரண ஆண்டல்ல. அதற்கு முந்தைய ஆண்டில்தான் ஒரே மூச்சில் பதினாறு ஆப்பிரிக்க நாடுகள் ஐ.நா.வில் சேர்ந்தன. காலனிய ஆட்சிக்கு முடிவு கட்ட வேண்டும் என்ற புகழ்பெற்ற பிரகடனமும் 1960 டிசம்பரில் நிறைவேறியது. 1961 தொடக்கத்தில் அங்கோலாவில் கிளர்ச்சி வெடித்தது. அந்த விவகாரத்தைப் பாதுகாப்பு கவுன்சிலுக்குக் கொண்டுபோனது லைபீரியாதான். தங்கள் காலனிகள் காலனிகளே அல்ல, கடல்கடந்த மாகாணங்கள் என்று போர்ச்சுகல் சாதித்துக்கொண்டிருந்தது. அந்த ஆண்டு நான்காவது குழுவின் பரிந்துரைப்படி, போர்ச்சுகல் ஆளும் பகுதிகளைப் பற்றி ஆராயத் தனிக் குழு அமைக்கப்பட்டது.

தென்மேற்கு ஆப்பிரிக்காவும் (இன்றைய நமீபியா) அங்கே தீராத பிரச்சினை. 1960 நவம்பரில் எத்தியோப்பியாவும் லைபீரியாவும் சேர்ந்து தென்னாப்பிரிக்காவுக்கு எதிராக ஹேக் நகரிலுள்ள சர்வதேச நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தன. ஐ.நா.வுக்கு முன்பிருந்த சர்வதேச சங்கத்தில் (லீக் ஆஃப் நேஷன்ஸ்) உறுப்பினராக இருந்த நாடு என்பதால் லைபீரியாவுக்கு அந்த உரிமை இருந்தது. ஆறு ஆண்டுகள் இழுத்த வழக்கு, 1966 ஜூலையில் நீதிமன்றத் தலைவரின் தீர்மான வாக்கால் (இரு பக்கமும் சமமாகப் பிரியும்போது தலைவர் போடும் வாக்கு) தள்ளுபடியானது. ஆப்பிரிக்கா கொதித்தது. அதே ஆண்டு அக்டோபரில் தென்னாப்பிரிக்காவின் ஆட்சி உரிமையையே பொதுச்சபை ரத்து செய்தது.

ருவாண்டா, புருண்டி விடுதலையில் அவருக்குப் பங்கு உண்டா?

உண்டு, அதுவும் முக்கியமான பங்கு. முதல் உலகப் போருக்குப் பிறகு ஜெர்மனியிடமிருந்து கைமாறி, ருவாண்டா-உருண்டி என்ற பெயரில் பெல்ஜியத்தின் பொறுப்பில் இருந்த பகுதி அது. 1959 முதல் ருவாண்டாவில் டூட்சி மக்கள் மீது வன்முறை. பல்லாயிரக்கணக்கானோர் அகதிகளாக ஓடினார்கள். 1962இல் ஐ.நா. அமைத்த ருவாண்டா-உருண்டி ஆணையத்துக்கு ஏஞ்சி தலைவர்.

இரண்டு பகுதிகளும் பிரியாமல் ஒரே நாடாக விடுதலை பெற வேண்டும் என்பது ஐ.நா.வின் விருப்பம். ஆனால் ருவாண்டா அதற்குள் குடியரசாகியிருந்தது. உருண்டி மன்னராட்சியாகவே நின்றது. அடிஸ் அபாபாவில் நடந்த பேச்சில் அரசியல் ஒன்றியத்துக்கு இரு தரப்பும் இசையவில்லை. 1962 ஜூலை 1 அன்று ருவாண்டா, புருண்டி என்று இரண்டு நாடுகளாக விடுதலை பெற்றன. அந்த மண்ணில் பின்னாளில் நடந்த கொடூரங்களைப் பார்க்கும்போது, 1962இல் அந்த ஆணையம் வேறு ஏதாவது செய்திருக்க முடியுமா என்ற கேள்வி எழத்தான் செய்யும். மூன்று நான்கு மாத அவகாசத்தில், கையில் படையோ பணமோ இல்லாத ஆணையத்தால் அதைத் தடுத்திருக்க முடியும் என்று நான் நம்பவில்லை.

பொறுப்பாட்சி மன்றத்தின் தலைவராகவும் இருந்தாராமே?

ஆம், 1966இல். அந்த மன்றத்துக்குத் தலைமை தாங்கிய முதல் ஆப்பிரிக்கப் பெண் அவர். சொந்தமாக ஆளும் நிலைக்கு வரும்வரை சில பகுதிகளை வேறு நாடுகளின் பொறுப்பில் விட்டு, அவை ஒழுங்காக நடந்துகொள்கின்றனவா என்று கண்காணிக்க ஐ.நா. அமைத்தது அது. மொத்தம் பதினொரு பகுதிகள் இருந்தன. ஏஞ்சி தலைவரானபோது மூன்றே எஞ்சியிருந்தன: நவூரு, நியூ கினி, அமெரிக்காவின் பொறுப்பிலிருந்த பசிபிக் தீவுகள். அந்தப் பசிபிக் தீவுகளுக்கு ஐ.நா. பார்வையாளர் குழுவோடு அவர் நேரில் போயும் வந்தார். நவூரு 1968 ஜனவரி 31 அன்று விடுதலை பெற்றது.

1963இல் அமெரிக்காவில் அவருக்கு என்ன நேர்ந்தது?

இதை விரிவாகச் சொல்ல வேண்டும். 1963 ஏப்ரல் இறுதியில், தான் படித்த ராலே நகருக்கு அவர் திரும்பிப் போனார். இந்த முறை லைபீரியாவின் ஐ.நா. பிரதிநிதியாக, வட கரோலினா மாநிலப் பல்கலைக்கழகத்தில் பேசுவதற்கு. அவரை அழைத்திருந்தவர் அங்கே ஆசிரியராக இருந்த ஆலர்ட் லோவன்ஸ்டீன். பின்னாளில் அமெரிக்க நாடாளுமன்ற உறுப்பினரானவர். நகரின் மையத்தில் சாப்பிடப் போனார்கள். ஒரு காபி ஷாப்பில் அவருக்குப் பரிமாற மறுத்தார்கள். இன்னொரு உணவகத்துக்குப் போனார்கள். அங்கேயும் அதே கதை. தோல் நிறம் ஒன்றே காரணம்.

செய்தி உடனே பரவியது. அமெரிக்க வெளியுறவுத் துறை மன்னிப்புக் கேட்டது. மாநில ஆளுநர் டெர்ரி சான்ஃபோர்டும் வருத்தம் தெரிவித்தார்.

இது தனியொரு சம்பவமல்ல. 1961இலேயே மேரிலாந்து நெடுஞ்சாலையில் சாட் நாட்டுத் தூதருக்கு ஒரு உணவகத்தில் காபி கொடுக்க மறுத்து, கென்னடி அரசு தர்மசங்கடத்தில் நெளிந்தது. சோவியத் யூனியனோடு ஆப்பிரிக்காவின் நட்புக்காகப் போட்டியிட்டுக்கொண்டிருந்த நாட்டுக்கு இதெல்லாம் பெரிய தலைவலி. ஆனால் ராலேயைப் பொறுத்தவரை இன்னொன்றும் உண்டு. ஏஞ்சி படித்த அதே ஷா பல்கலைக்கழகத்தில்தான், 1960 ஏப்ரலில் எல்லா பேக்கர் என்ற பெண் தலைவரின் அழைப்பில் மாணவர்கள் கூடி, நிறவெறிக்கு எதிரான புகழ்பெற்ற மாணவர் ஒருங்கிணைப்புக் குழுவைத் தொடங்கினார்கள். உணவகங்களில் உட்கார்ந்து போராடுவது அந்த மாணவர்களின் அன்றாட வேலையாக இருந்தது. ஏஞ்சிக்கு நேர்ந்த அவமதிப்பு அந்தப் போராட்டத்துக்கு நாடு தழுவிய கவனத்தைத் தேடித் தந்தது. தூதருக்கு மன்னிப்புக் கிடைத்தது. அதே நகரத்தில் பிறந்து வளர்ந்த கறுப்பினத்தவருக்கு அதே உணவகத்தில் உட்கார இடம் கேட்டுப் போராட வேண்டியிருந்தது. எனக்கு மனசு ஆறாதது இந்த இடத்தில்தான்.

1969இல் பொதுச்சபைத் தலைவர் தேர்தல் எப்படி நடந்தது?

பொதுச்சபைத் தலைவர் பதவி கண்டங்களுக்கிடையே சுழற்சியில் வரும். அந்த ஆண்டு ஆப்பிரிக்காவின் முறை. ஏற்கெனவே துனிசியாவின் மோங்கி ஸ்லிம் (1961), கானாவின் அலெக்ஸ் குவைசன்-சாக்கி (1964) என இரண்டு ஆப்பிரிக்க ஆண்கள் தலைவராக இருந்தார்கள். லைபீரியா ஏஞ்சியை முன்னிறுத்தியது. பதிவான 118 வாக்குகளில் 113 அவருக்கு விழுந்தன. அப்போது ஐ.நா.வில் 126 உறுப்பு நாடுகள்.

பொதுச்செயலாளர் ஊ தாண்ட் பக்கத்தில் இருக்க, தலையில் ஆப்பிரிக்க முறையில் துணி சுற்றிக் கட்டிக்கொண்டு மேடையில் அவர் அமர்ந்திருக்கும் படங்கள் இருக்கின்றன. கோட்டும் டையுமாக இருந்த அந்த அவையில் தனித்துத் தெரிந்த தோற்றம்.

பொதுச்சபைத் தலைவருக்கு என்ன அதிகாரம்?

பொதுச்செயலாளரோடு குழப்பிக்கொள்ளக் கூடாது. பொதுச்செயலாளர் ஐ.நா. நிர்வாகத்தின் தலைவர். பொதுச்சபைத் தலைவர் ஓராண்டு அமர்வை நடத்துபவர். கிட்டத்தட்ட நம் சபாநாயகர் மாதிரி. யார் எப்போது பேசுவது, ஒழுங்குப் பிரச்சினையில் என்ன தீர்ப்பு, எதை வாக்கெடுப்புக்கு விடுவது என்பதெல்லாம் அவர் கையில். வாக்களிக்கும் உரிமை மட்டும் இல்லை.

பதவியேற்றதும் என்ன பேசினார்?

அன்றைக்கு வழக்கமாகச் சொல்லும் நன்றியுரையோடு அவர் நிறுத்தவில்லை. உலக விவகாரங்கள் எல்லாம் நியூயார்க் கிழக்கு ஆற்றங்கரையில் உள்ள இந்தக் கட்டடத்துக்குள்ளேயே நடப்பதுபோல நாம் பார்க்கிறோம், அதுதான் நம் பலவீனம் என்றார். இங்கே ஆற்றும் உரைகளும், தூதர்களுக்குள் செய்துகொள்ளும் உடன்பாடுகளும், ஏன் தீர்மானங்களும்கூட வெளியுலகப் போக்கைப் பெரிதாக மாற்றிவிடவில்லை என்று அந்த அவையிலேயே சொன்னார். பதினைந்து ஆண்டுகள் அந்தத் தீர்மானங்களை எழுதும் வேலையில் இருந்தவர் சொன்னது இது என்பதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

அந்த அமர்வில் குறிப்பிடும்படி என்ன நடந்தது?

நிறைய. தென்னாப்பிரிக்கப் பிராந்தியத்தில் நிறவெறிக்கும் காலனியத்துக்கும் எதிராக ஆப்பிரிக்க நாடுகள் வெளியிட்ட லுசாகா அறிக்கையைப் பொதுச்சபை 1969 நவம்பரில் வரவேற்றது. கம்யூனிஸ்ட் சீனாவுக்கு இடம் கொடுக்கும் கோரிக்கை அந்த ஆண்டும் தோற்றது. 1971 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 1970களை ஆயுதக் குறைப்புப் பத்தாண்டாக அறிவித்தார்கள்.

நமக்கு நெருக்கமான ஒன்று, கடல்படுகைத் தீர்மானம். ஆழ்கடலின் அடியிலுள்ள கனிமங்களை யார் எடுப்பது என்று சர்வதேச ஏற்பாடு ஆகும்வரை எந்த நாடும் எடுக்கக் கூடாது என்று 1969 டிசம்பரில் பொதுச்சபை தீர்மானித்தது. பணமும் தொழில்நுட்பமும் உள்ள நாடுகள் எதிர்த்தன. வளரும் நாடுகள் வாக்குப் பலத்தால் வென்றன. கடல்படுகைக் குழுவின் தலைவராக அப்போது இருந்தவர் இலங்கையின் ஷெர்லி அமரசிங்க. 1976இல் அவரே பொதுச்சபைத் தலைவரானார்.

மனதை உறுத்துவது மேற்கு இரியான். நியூ கினித் தீவின் மேற்குப் பாதி டச்சுக்காரர்களிடமிருந்து இந்தோனேசியா கைக்குப் போயிருந்தது. மக்கள் விருப்பத்தைக் கேட்கிறோம் என்று 1969இல் நடத்திய வாக்கெடுப்பில், ஆயிரத்துச் சொச்சம் பேரை மட்டும் தேர்ந்தெடுத்து அவர்களிடம் சம்மதம் வாங்கினார்கள். இது தன்னுரிமையே அல்ல என்று கானா உள்ளிட்ட சில ஆப்பிரிக்க நாடுகள் பொதுச்சபையில் வாதாடின. எடுபடவில்லை. நவம்பர் 19 அன்று 84 நாடுகள் ஆதரவு, எதிர்ப்பு ஒன்றும் இல்லை, 30 நாடுகள் நடுநிலை என்ற கணக்கில், நடந்ததைக் குறித்துக்கொள்ளும் தீர்மானம் நிறைவேறியது. வாழ்நாள் முழுவதும் காலனி மக்களின் தன்னுரிமைக்காக உழைத்தவர் தலைமை நாற்காலியில் இருக்கும்போதே இது நடந்தது. அவையை நடத்துபவர் அவையின் முடிவை மாற்ற முடியாது. அதற்காக அந்த முடிவு சரியாகிவிடாது.

லைபீரிய ஆட்சியே ஒரு சிறுபான்மையின் ஆதிக்கம். அதன் பிரதிநிதியாக இருந்தவரை எப்படிப் பாராட்டுவது?

நியாயமான கேள்வி, ஒதுக்கிவிட முடியாது. வெளியே காலனியத்தை எதிர்த்த லைபீரியா, உள்ளே பூர்வகுடி மக்களை இரண்டாந்தரமாக நடத்தியது. 1944 முதல் 1971 வரை ஆண்ட அதிபர் டப்மன் எதிர்ப்பைச் சகித்தவரல்ல. ஏஞ்சி அந்த அரசின் அதிகாரி. வெளிப்படையாக அதை எதிர்த்தவரல்ல. இதை மறைத்து அவரை வாழ்த்துவதில் எனக்குச் சம்மதமில்லை.

ஆனால் அவர் அந்த மேட்டுக்குடியின் செல்லப் பிள்ளையாக வந்தவரும் அல்ல. தையற்காரி வீட்டில் வளர்ந்து, தட்டச்சு செய்து, பாத்திரம் கழுவிப் படித்தவர். நான்காவது குழுவில் வந்து நின்ற மனுதாரர்களுக்கு, அந்தத் தலைவர் யாருடைய ஆட்சியின் சார்பில் வந்தவர் என்பதைவிட, தங்களைப் பேச விடுகிறாரா என்பதே பெரிதாக இருந்திருக்கும்.

பொதுச்சபைக்குப் பிறகு என்ன ஆனார்?

1975இல் ஐ.நா.வுக்கான லைபீரியாவின் நிரந்தரப் பிரதிநிதி ஆனார். 1977இல் அதிபர் டோல்பர்ட் அவரை உச்ச நீதிமன்ற நீதிபதியாக நியமித்தார்.

அந்தப் பதவி நீடிக்கவில்லை. 1979 ஏப்ரலில் அரிசி விலை உயர்வை எதிர்த்து மன்ரோவியாவில் கலவரம். போலீஸ் சுட்டதில் பலர் இறந்தார்கள். அடுத்த ஆண்டு ஏப்ரல் 12 அன்று சாமுவேல் டோ என்ற படைவீரர் தலைமையில் ராணுவப் புரட்சி. டோல்பர்ட் மாளிகையிலேயே கொல்லப்பட்டார். பத்து நாள் கழித்து, பழைய ஆட்சியின் பதின்மூன்று பேரைக் கடற்கரையில் கம்பங்களில் கட்டிச் சுட்டார்கள். அவர்களில் ஒருவர் தலைமை நீதிபதி ஜேம்ஸ் பியர், ஏஞ்சி அங்கம் வகித்த நீதிமன்றத்தின் தலைவர். அரசியல் சட்டம் முடக்கப்பட்டது, உச்ச நீதிமன்றம் கலைக்கப்பட்டது, ஏஞ்சியின் பதவியும் அதோடு போனது. அதன்பின் லைபீரியா உள்நாட்டுப் போரில் மூழ்கியது.

குடும்பம்?

பின்னாளில் ஐசக் ராண்டால்ஃப் என்பவரை மணந்ததால் சில ஆவணங்களில் புரூக்ஸ்-ராண்டால்ஃப் என்று இருக்கும். சொந்தப் பிள்ளைகள் தவிர, நாற்பதுக்கும் மேற்பட்ட குழந்தைகளை வளர்த்தார் அல்லது படிக்க வைத்தார். பிறர் வீட்டில் வளர்ந்த குழந்தை செய்த வேலை இது.

எப்போது மறைந்தார்? அவர் பெயரில் ஏதாவது இருக்கிறதா?

2007 செப்டம்பர் 9 அன்று, அமெரிக்காவின் ஹூஸ்டன் நகரில் மறைந்தார். அப்போது லைபீரிய அதிபர் எல்லன் ஜான்சன் சர்லீஃப், ஆப்பிரிக்காவில் தேர்தலில் வென்று அதிபரான முதல் பெண். பொதுச்சபைக்கு மூன்றாவது பெண் தலைவராக பஹ்ரைனின் ஷேக்கா ஹயா அல் கலீஃபா வந்தது 2006இல்தான். ஏஞ்சிக்குப் பிறகு 37 ஆண்டுகள் வேறு பெண்ணே அந்த இடத்துக்கு வரவில்லை. அந்த இடைவெளி முடிவதைப் பார்த்துவிட்டுத்தான் அவர் கண்மூடினார்.

2009இல் மன்ரோவியாவில் நடந்த சர்வதேசப் பெண்கள் மாநாட்டையொட்டி ஏஞ்சி புரூக்ஸ் சர்வதேச மையம் உருவானது. 2011 லைபீரியத் தேர்தலில் அது ‘பெண்கள் நிலைமை அறை’ என்ற ஏற்பாட்டை நடத்தியது. தேர்தல் நாளில் வாக்குச்சாவடிகளில் பெண் பார்வையாளர்கள் இருப்பார்கள். எங்காவது தகராறு வந்தால் தொலைபேசியில் மைய அறைக்குத் தகவல் வரும். அங்கே இருக்கும் மூத்த பெண் தலைவர்கள் உடனே கட்சிக்காரர்களையும் போலீசையும் தேர்தல் அதிகாரிகளையும் கூப்பிட்டுப் பேசி, வன்முறையாக மாறுமுன் அடக்கப் பார்ப்பார்கள். பிறகு செனகல், சியரா லியோன், கென்யா, நைஜீரியா தேர்தல்களிலும் இதே முறையைக் கையாண்டார்கள்.

ஐ.நா. பாதுகாப்பு கவுன்சிலுக்குத் தலைமை தாங்கிய மேற்கு ஆப்பிரிக்கப் பெண்ணும் இவர்தானா?

இல்லை. அவர் கினி நாட்டின் ஜீன் மார்ட்டின் சிசே. கினி லைபீரியாவின் பக்கத்து நாடு என்பதால் இருவரையும் பலர் குழப்பிக்கொள்கிறார்கள். சிசே 1926இல் கங்கான் நகரில் பிறந்தவர், பள்ளி ஆசிரியையாகத் தொடங்கியவர். 1972 நவம்பரில் பாதுகாப்பு கவுன்சிலின் தலைவராக இருந்தார். அந்த இடத்துக்கு வந்த முதல் பெண் உலகிலேயே அவர்தான். அவர் தலைமையில் இருந்த மாதத்தில், போர்ச்சுகல் தன் ஆப்பிரிக்கக் காலனிகளின் விடுதலைக்காகப் பேச்சு நடத்த வேண்டும் என்ற தீர்மானம் ஒருமனதாக நிறைவேறியது. பதினோரு ஆண்டுகளுக்கு முன் ஏஞ்சி தலைமையில் நான்காவது குழு அலசிய அதே போர்ச்சுகல் பிரச்சினைதான். 1984இல் கினியில் நடந்த ராணுவப் புரட்சிக்குப் பிறகு சிசே சிறைவாசம் அனுபவித்தார். 2017இல் மறைந்தார்.